டொராண்டோ குளிரில் நாயின் பாதங்களைப் பார்த்துக்கொள்வது எப்படி?

கேள்வி சுருக்கமாக இது: சென்னையிலிருந்து கூட்டிவந்த நாட்டு நாய், வயது இரண்டு, எடை 18 கிலோ. டொராண்டோவின் ஸ்கார்பரோ பகுதியில் அதற்கு இது முதல் குளிர்காலம். வெளியே போன பத்தாவது நிமிடமே காலைத் தூக்கிக்கொண்டு நின்றுவிடுகிறது. வீடு திரும்பியதும் பாதத்தை விடாமல் நக்குகிறது. விரலிடுக்கு சிவந்திருக்கிறது. தேங்காய் எண்ணெய் தடவினால் போதுமா, இல்லை பூட்ஸ் வாங்கியே ஆக வேண்டுமா?

தேங்காய் எண்ணெய் போதாது. பூட்ஸ் உதவும், ஆனால் அது இரண்டாவது. முதல் வேலை, வாசல் தாண்டி உள்ளே வந்ததும் நான்கு பாதங்களையும் வெதுவெதுப்பான தண்ணீரில் அலசி, விரலிடுக்குவரை ஈரமில்லாமல் துடைப்பதுதான். பலர் நல்ல விலை கொடுத்துப் பூட்ஸ் வாங்கிவிட்டுக் கழுவுவதை விட்டுவிடுகிறார்கள். நீங்கள் சொல்லும் அறிகுறிகளைச் சேர்த்துப் பார்த்தால், உங்கள் நாயை அதிகம் வருத்துவது பனி இல்லை, பனியை உருக்க நடைபாதையில் கொட்டும் உப்பு.

நாயின் பாதம் வெறும் குளிருக்குச் சுலபமாகத் தோற்றுப்போகிற உறுப்பு அல்ல. அடியில் இருக்கும் கறுப்புத் திண்டுகளின் மேல்தோல் உடம்பிலேயே தடித்தது. அதற்குள் கொழுப்பு மெத்தை. அங்கே ஓடும் இரத்தக்குழாய்களின் அமைப்பை 2011-இல் ஜப்பானிய ஆய்வாளர்கள் விளக்கினார்கள். பாதத்துக்குச் சூடான இரத்தம் கொண்டுவரும் தமனியைச் சுற்றி, குளிர்ந்த இரத்தம் திரும்பும் மெல்லிய சிரைகள் வலைபோலப் பின்னிக் கிடக்கின்றன. போகிற சூடு திரும்புகிற இரத்தத்துக்கு மாறிவிடுவதால் பாதமும் உறையாது, உடம்பும் சூட்டை இழக்காது. பனியில் நாய் வெறுங்காலோடு நிற்க முடிவது இதனால்தான். ஆனால் இந்த ஏற்பாடு திண்டுக்குத்தான். விரல்களுக்கு நடுவே இருக்கும் சவ்வுத் தோல் மெல்லியது, முடியும் குறைவு. உப்புத் தண்ணீர் போய்த் தங்குவது சரியாக அந்த இடத்தில்.

உப்பு என்ன செய்கிறது என்று தெரிந்தால் மற்றதெல்லாம் தானாகப் புரியும். வெறும் தண்ணீர் 0 டிகிரியில் உறைந்துவிடும். அதற்குக் கீழே பனி காய்ந்த பொருள். காலில் பட்டாலும் உதிர்ந்துவிடும். சாதா உப்பு கலந்த தண்ணீரோ, செறிவைப் பொறுத்து, -21 டிகிரிவரைகூட உறையாமல் நிற்கும். அதனால் வெளியே -8 டிகிரி இருக்கும்போது உப்புப் போட்ட நடைபாதையில் நாய் மிதிப்பது -8 டிகிரியில் இருக்கும் சேறு. காய்ந்த பனியைவிட இந்த ஈரம் காலிலிருந்து சூட்டை மிக வேகமாக உறிஞ்சும். முடியில் ஒட்டிக்கொண்டு வீடுவரை கூடவே வரும். தோலில் இருக்கும் ஈரத்தையும் உப்பு இழுத்துவிடுவதால் திண்டு வறண்டு வெடிக்கும். வெடிப்பில் மறுநாள் உப்பு பட்டால் எரியும். எரிந்தால் நாய் நக்கும். நக்கி நக்கி ஊறிய தோல் மெலிந்து இன்னும் சுலபமாகப் புண்ணாகும். உங்கள் நாய் இப்போது இந்தச் சுழலில்தான் இருக்கிறது என்று நினைக்கிறேன்.

எல்லா உப்பும் ஒன்றல்ல. சாலைகளில் பெரும்பாலும் போடுவது சோடியம் குளோரைடு, சமையல் உப்பின் முரட்டு வடிவம். -10 டிகிரிக்குக் கீழே அது மெதுவாகத்தான் உருக்கும். ஆகவே கடும் குளிரில் கடை வாசல், காண்டோ எனப்படும் அடுக்குமாடிக் கட்டட நுழைவாயில் போன்ற இடங்களில் கால்சியம் குளோரைடு கலந்த வெள்ளை உருண்டைகளைத் தூவுவார்கள். இது கரையும்போது சூட்டை வெளியிடும், காற்றிலிருந்தே ஈரத்தை இழுத்துக்கொள்ளும். விரலிடுக்கில் ஓர் உருண்டை மாட்டிக்கொண்டு அங்கேயே கரைந்தால் தோல் வெந்துபோனதுபோலப் புண்ணாகும். சாலையைக் கடப்பதைவிடக் கட்டட வாசலைத் தாண்டுவது கெடுதல் என்று சொல்வதற்கு இதுதான் காரணம். அந்த முப்பது நாற்பது அடிக்கு நாயைத் தூக்கிக்கொண்டு போக முடிந்தால் தூக்கிக்கொள்ளுங்கள். 18 கிலோ கொஞ்சம் கனம்தான், ஆனாலும் பலன் உண்டு.

காலைத் தூக்குவது எதனால் என்பதை நீங்களே கண்டுபிடிக்கலாம். ஒரு காலைத் தூக்கி, இறக்கி, பிறகு வேறொரு காலைத் தூக்கினால் குளிரோ உப்போ காரணம். எப்போதும் ஒரே காலைத் தூக்கினால் அந்தக் காலில் வெட்டோ, மாட்டிய கல்லோ, பனி உருண்டையோ, பிய்ந்த நகமோ இருக்கிறது. அங்கேயே நின்று பாருங்கள், வீட்டுக்கு வந்து பார்க்கலாம் என்று விடாதீர்கள். இன்னொரு சோதனை: நடைபாதையில் நொண்டுகிற நாயை ஓரத்துப் புல்வெளியில், யாரும் மிதிக்காத பனியில் இறக்கிவிடுங்கள். இரண்டு நிமிடத்தில் இயல்பாக நடந்தால் குற்றவாளி உப்பு. அங்கேயும் தூக்கினால், அதுவும் ஒவ்வொரு நாளும் வெளியே வந்து ஏறக்குறைய அதே அளவு நிமிடம் கழித்துத் தூக்க ஆரம்பித்தால், அது குளிர். குளிர் என்றால் நடையைக் குறைக்க வேண்டும், உப்பு என்றால் வழியை மாற்ற வேண்டும். இரண்டுக்கும் மருந்து வேறு.

இனி கழுவும் முறை. அகலமான பிளாஸ்டிக் டப் ஒன்றை வாசலிலேயே வையுங்கள். நடக்கப் போகும்முன்பே ஒரு தடித்த டவலையும் பக்கத்தில் போட்டுவிடுங்கள். ஈரக் காலோடு நாயைப் பிடித்துக்கொண்டு டவல் தேட முடியாது. டப்பில் ஐந்தாறு சென்டிமீட்டர் உயரத்துக்குத் தண்ணீர், சூடு 35 முதல் 38 டிகிரி. குழந்தையைக் குளிப்பாட்ட எடுக்கும் பதம்தான். மணிக்கட்டின் உள்பக்கத்தில் ஊற்றிப் பார்த்தால் சூடும் தெரியக் கூடாது, குளிர்ச்சியும் தெரியக் கூடாது. இதற்குமேல் சூடு வேண்டாம். மரத்துப்போன காலுக்குச் சூடு உடனே உறைக்காது, நாய் இழுக்காமல் நிற்கும், தோல் வெந்துவிடும்.

ஒவ்வொரு பாதமாக 10 முதல் 15 விநாடி முக்குங்கள். முக்கினால் மட்டும் உப்பு போகாது. கட்டைவிரலால் திண்டை லேசாக அழுத்தினால் நாயின் விரல்கள் விரியும். விரிந்ததும் உங்கள் ஆள்காட்டி விரலை மேலிருந்து ஒவ்வோர் இடுக்கிலும் விட்டு அலசுங்கள். அப்படி மூன்று இடுக்கு. நான்காவதாக ஒன்று அடியில் இருக்கிறது, பெரிய திண்டுக்கும் விரல் திண்டுகளுக்கும் நடுவே இருக்கும் வளைந்த பள்ளம். உப்புக் கல் பெரும்பாலும் அங்கேதான் மாட்டும், எல்லாரும் விட்டுவிடுவதும் அதைத்தான். முன்னங்காலில் உள்பக்கம் சற்று மேலே தனியாக ஒரு நகம் இருக்கும், அதன் அடியிலும் பாருங்கள். இரண்டு பாதம் முடிந்ததும் தண்ணீரை மாற்றுங்கள், இல்லாவிட்டால் முதல் காலின் உப்பு நான்காவது காலுக்குப் போகும். சோப்பு தினமும் வேண்டாம். தோலின் இயற்கை எண்ணெயை அது எடுத்துவிடும். எண்ணெயோ கிரீஸோ ஒட்டியிருந்தால் மட்டும் நாய்களுக்கான ஷாம்பு துளி போதும்.

துடைப்பது கழுவுவதற்குச் சமமான வேலை. தேய்க்காமல் ஒற்றியெடுங்கள், பிறகு டவலின் நுனியை ஒவ்வோர் இடுக்கிலும் நுழைத்து இழுங்கள். ஈரம் தங்கினால் பூஞ்சை வரும். அந்தச் சிவப்பையும் உப்புச் சிவப்பு என்று நினைத்து மேலும் கழுவிக்கொண்டே இருப்பீர்கள். வயிற்றின் அடிப்பக்கத்தையும் துடைத்துவிடுங்கள், நடக்கும்போது சேறு அங்கே தெறிக்கும். எல்லாம் சேர்த்து நான்கு நிமிடத்துக்குமேல் ஆகாது. டப்பில் நிற்க மறுக்கிற நாய்க்கு உயரமான பிளாஸ்டிக் குவளையில் ஒவ்வொரு காலாக முக்கலாம். அதுவும் முடியாவிட்டால் ஈரத்துணி. ஆனால் ஒவ்வொரு காலுக்கும் துணியைப் பிழிந்து அலச வேண்டும், வெறுமனே துடைத்தால் உப்பு பரவத்தான் செய்யும்.

நக்கி உள்ளே போகும் உப்பைப் பற்றியும் கவலை இருக்கும். பாதத்தில் ஒட்டியது பொதுவாக வாந்தி, எச்சில் வடிதல், தாகம், வயிற்றுப்போக்கு இவற்றோடு நின்றுவிடும். நாயின் எடையில் கிலோவுக்கு 2 கிராம் அளவில் சோடியம் குளோரைடு உள்ளே போனால் நச்சு அறிகுறிகள் தொடங்கலாம், 4 கிராம் உயிருக்கே ஆபத்து. உங்கள் நாய்க்கு 36 கிராம் என்பது சுமார் இரண்டு மேசைக்கரண்டி. பாதத்திலிருந்து அவ்வளவு வராது. கராஜில் திறந்து கிடக்கும் உப்பு மூட்டையிலிருந்து வரும், உப்புத் தண்ணீர்க் குட்டையில் தாகத்துக்குக் குடித்தாலும் ஆபத்துதான். மூட்டையை மூடியுள்ள வாளிக்கு மாற்றிவிடுங்கள். நடைக்குப் போகும்முன் வீட்டிலேயே தண்ணீர் குடிக்க வையுங்கள்.

உங்கள் நாய்க்குக் குறுமுடி, பாதத்தில் பனி உருண்டை கட்டுவது குறைவு. பொமரேனியன், ஷிட்சூ, கோல்டன் ரிட்ரீவர் வைத்திருப்பவர்களுக்கு இதுதான் பெரிய தலைவலி. திண்டுகளுக்கு நடுவே வளர்ந்த முடியில் பனி ஒட்டி, உடல் சூட்டில் உருகி, மறுபடி உறைந்து கோலிக்குண்டு அளவுக்குக் கல்லாகிவிடும். அந்தக் கல்லின்மேல் நடப்பது செருப்புக்குள் சரளை போட்டு நடப்பதுபோல. அதைப் பிடுங்கக் கூடாது, முடியோடு தோலும் வரும். கத்தரிக்கோலும் கூடாது, உருண்டைக்கு உள்ளே சவ்வுத் தோல் எங்கே இருக்கிறதென்று தெரியாது. கையுறையைக் கழற்றி உள்ளங்கையில் பொத்திக்கொண்டால் அரை நிமிடத்தில் இளகும். வீட்டில் என்றால் வெதுவெதுப்பான தண்ணீர். வராமல் தடுக்க, மூன்று நான்கு வாரத்துக்கு ஒருமுறை அடிப்பக்க முடியைத் திண்டின் மட்டத்துக்கு வெட்டிவிடுங்கள். சிறிய சத்தமில்லாத டிரிம்மர் நல்லது. இடுக்குக்குள் தோண்டி மொட்டையடிக்க வேண்டாம், குட்டை முடி குத்தி எரிச்சல் வரும். நகமும் முக்கியம். நின்றால் தரையில் படுகிற நீளம் இருந்தால் விரல்கள் விரிந்து நிற்கும், விரிந்த இடத்தில் பனி ஏறும், பனிக்கட்டியில் பிடிமானமும் போகும்.

தேங்காய் எண்ணெய்க்கு வருகிறேன். அது 24 டிகிரிக்குக் கீழே கட்டியாகிவிடும், உடல் சூட்டில் உருகும், நாய்க்குச் சுவையும் பிடிக்கும். தடவிய சில நிமிடத்தில் நக்கி முடித்துவிடும். ஆபத்தில்லை, ஆனால் உப்பைத் தடுக்கும் படலமாக நிற்காது. இரவில் வறண்ட திண்டுக்குத் தடவி, கால்மணி நேரம் பேச்சுக் கொடுத்து நக்காமல் பார்த்துக்கொண்டால் கொஞ்சம் மென்மையாகும், அவ்வளவே. வாஸ்லின் அதைவிடச் சற்று நன்றாகத் தடுக்கும், ஆனால் டைல்ஸ் தரையில் வழுக்கும். வெளியே போக ஏற்றது தேன்மெழுகு அடிப்படையிலான பாத மெழுகு. மஷர்ஸ் சீக்ரெட் போன்றவை செல்லப்பிராணிக் கடைகளில் கிடைக்கும். ஒரு பாதத்துக்குக் கொண்டைக்கடலை அளவு போதும். வெளியே கிளம்பும்போது டவலின்மேல் நிறுத்தி, திண்டிலும் இடுக்கிலும் மெல்லிசாகத் தேய்த்து ஒரு நிமிடம் விடுங்கள். கழுவி உலர்ந்த பாதத்தில் மட்டுமே தடவ வேண்டும். உப்பு ஒட்டிய காலில் தடவினால் உப்பை உள்ளே வைத்துப் பூசியது மாதிரி ஆகும். மெழுகு குளிரைத் தடுக்காது, உப்பை முழுக்கவும் தடுக்காது. திரும்பி வந்ததும் கழுவத்தான் வேண்டும்.

நம் வீடுகளில் இருக்கும் சில பொருள்களைப் பற்றிக் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். கோடாலித் தைலம், டைகர் பாம், விக்ஸ், அமிர்தாஞ்சன் எதையும் நாயின் காலில் தடவாதீர்கள். அவற்றில் இருக்கும் கற்பூரமும் மெந்தாலும் மெத்தில் சாலிசிலேட்டும் நக்கினால் நஞ்சு. மூட்டுவலிக்குத் தடவும் டைக்ளோஃபெனாக் ஜெல், அதாவது வோல்டரன், இன்னும் மோசம். வயிற்றைப் புண்ணாக்கிச் சிறுநீரகத்தைக் கெடுக்கும். உங்கள் கையில் அதைத் தடவியிருந்தால் கையைக் கழுவிய பிறகே நாயைத் தொடுங்கள். அட்வில், டைலனால் மாத்திரைகளை வலிக்குக் கொடுக்கவே கூடாது. டீ ட்ரீ எண்ணெயும் நாய்க்கு ஆகாது. மஞ்சள் பற்று போடுவது பலருடைய பழக்கம். பெரிய கெடுதல் இல்லை, ஆனால் பொடி வெடிப்புக்குள் இறுகி, புண் எப்படி இருக்கிறதென்று பார்க்க முடியாமல் செய்துவிடும்.

பூட்ஸ் வாங்கலாமா? உங்கள் நாய்க்கு வாங்கலாம் என்றே சொல்வேன். அலாஸ்காவில் சுமார் 1,600 கி.மீ. ஓடும் இடிடராட் என்ற நாய்ச் சறுக்குவண்டிப் பந்தயத்தில் ஒவ்வொரு நாய்க்கும் எட்டு துணிக் காலுறைகள் கட்டாயம். பனிக்கென்றே பிறந்த நாய்களுக்கே அது தேவைப்படும்போது மெரினா மணலில் நடந்து பழகிய நாய்க்குத் தேவைப்படுவதில் ஆச்சரியமில்லை.

அளவு எடுப்பதில்தான் பெரும்பாலான பூட்ஸ் வீணாகிறது. தரையில் தாள் போட்டு முன்னங்காலை அதன்மேல் வைத்து, எதிர்ப்பக்கத்து முன்னங்காலைத் தூக்கிப் பிடியுங்கள். எடை முழுவதும் இறங்கிப் பாதம் விரியும். மிக அகலமான இடத்தில் இரண்டு பக்கமும் பென்சிலால் கோடு போட்டு இடைவெளியை அளங்கள். தூக்கிய காலை அளந்து வாங்கினால் பூட்ஸ் இறுக்கும். பின்னங்காலைத் தனியாக அளக்க வேண்டும். பல நாய்களுக்கு அது முன்னங்காலைவிடக் குறுகலானது. நான்கும் ஒரே அளவில் வாங்கினால் பின்பக்கம் இரண்டும் முதல் நாளே பனியில் தொலைந்துபோகும்.

வகைகளில், பலூன் மாதிரியான மெல்லிய ரப்பர் பூட்ஸ் உப்பை நன்றாகத் தடுக்கும், தரையை உணர முடிவதால் நாய்கள் சீக்கிரம் ஏற்றுக்கொள்ளும். ஆனால் சூடு தராது, காற்றும் போகாது. நாய்க்கு வியர்ப்பது பாதத்தில்தான் என்பதால் உள்ளே ஈரமாகும். அரை மணி, முக்கால் மணிக்குமேல் போட்டுவைக்க வேண்டாம். அடித்தோலும் உள்ளே கம்பளியும் உள்ள பூட்ஸ் சூடு தரும், ஆனால் வாய்ப்பக்கம் தளர்ந்திருந்தால் பனி உள்ளே இறங்கி உருகும். ஈரமான பூட்ஸோடு நடப்பது வெறுங்காலைவிடக் கெடுதல். பட்டையைப் பாதத்துக்கு மேலே, கால் ஒடுங்கும் இடத்தில் கட்ட வேண்டும். பட்டைக்குள் உங்கள் சுண்டுவிரல் நுழைய வேண்டும், இரண்டு விரல் நுழைந்தால் கழன்றுவிடும். உள்பக்கத் தனி நகத்தின்மேல் வெல்க்ரோ உராய்ந்தால் இரண்டே நாளில் புண் வரும், அதைத் தினமும் பாருங்கள். முதல் நடையில் 20 நிமிடம் கழித்துக் கழற்றி, முடியை விலக்கித் தோலில் சிவப்புக் கோடு விழுந்திருக்கிறதா என்று பார்த்தால் இறுக்கம் தெரிந்துவிடும். ஈரமான பூட்ஸை ஹீட்டர்மேல் போடாமல் வாயைத் திறந்து தொங்கவிடுங்கள்.

நான்கையும் ஒரே நாளில் மாட்டி வெளியே இழுத்துக்கொண்டு போகாதீர்கள். முதல் இரண்டு நாள் வீட்டுக்குள் முன்னங்கால் இரண்டுக்கு மட்டும், ஒரு நிமிடம். மாட்டும்போதே பிடித்த தின்பண்டம், கழற்றியதும் தின்பண்டம் நின்றுவிட வேண்டும். அடுத்த இரண்டு நாள் நான்கும், பந்து விளையாட்டோடு. ஐந்தாம் நாள் வாசல்வரை. கொக்குபோலக் காலை உயர்த்தி நடப்பது இயல்பு, கவனம் வேறுபக்கம் போனால் மறந்துவிடும். ஒரு வாரத்துக்குப் பிறகும் உறைந்து நின்றால் ரப்பர் வகைக்கு மாற்றிப் பாருங்கள்.

பலர் யோசிக்காத ஒன்று, உடம்புக்குக் கோட்டு போடுவதும் பாதப் பராமரிப்புதான். நடு உடம்பு குளிர்ந்தால் உடல் முதலில் செய்வது கைகால் நுனிகளுக்குப் போகும் இரத்தத்தைக் குறைப்பது. நாட்டு நாய்க்கு அடிமுடி அடர்த்தி இல்லை. வயிற்றையும் மார்பையும் மூடும் கோட்டு போட்டுவிட்டால் அதே -10 டிகிரியில் பாதம் இன்னும் சில நிமிடம் தாங்கும். நடையையும் பிரித்துவிடுங்கள்: ஒரே மூச்சில் 40 நிமிடத்துக்குப் பதில், 10 முதல் 15 நிமிடமாக மூன்று முறை. -12 டிகிரிக்குக் கீழே போனால் ஐந்து நிமிடத்தில் வேலையை முடித்துத் திரும்புங்கள். காற்றோடு சேர்த்து உணரும் குளிர் -28-ஐத் தொட்டால் மூடாத மனிதத் தோலிலேயே 10 முதல் 30 நிமிடத்தில் பனிக்கடி, அதாவது தோல் உறைந்து சேதமாவது, வரலாம் என்பது கனடா அரசின் வானிலை எச்சரிக்கை. குறுமுடி நாயின் காது, வால் நுனி, விரல் எல்லாம் அதே கணக்குதான். உப்பில்லாத இடம் வேண்டுமென்றால் ஹைலண்ட் க்ரீக் ஓடும் மார்னிங்சைட் பார்க் போன்ற இடங்களில் பாதையை விட்டுப் புல்வெளிப் பனியில் இறங்கிவிடலாம். உறைந்த ஓடைமேல் மட்டும் விடாதீர்கள், ஓடும் தண்ணீரின் மேல் பனிக்கட்டி சீராக உறைவதில்லை.

பனிக்கடி வந்த இடம் முதலில் வெளிறியோ சாம்பல் நீலமாகவோ மாறி, தொட்டால் சில்லென்றும் விறைப்பாகவும் இருக்கும். கறுப்புத் திண்டில் நிறம் தெரியாது. அதனால் விரலிடுக்கையும் நகத்தின் அடியையும் பாருங்கள். தேய்க்காதீர்கள், ஹேர் ட்ரையரோ ஹீட்டிங் பேடோ வைக்காதீர்கள். 40 முதல் 42 டிகிரித் தண்ணீரில் 15 முதல் 20 நிமிடம் பாதத்தை வைத்திருங்கள், ஆறினால் சூடான தண்ணீரைச் சேர்த்துக்கொண்டே இருங்கள். கழுவும்போது சொன்ன அளவைவிட இது சற்று அதிகம் என்பதால் இங்கே தெர்மாமீட்டர் வைத்துத்தான் அளக்க வேண்டும். உணர்வு திரும்பும்போது வலிக்கும், நாய் கடிக்கவும் வரலாம். மறுபடி உறையும் வாய்ப்பிருக்கும் இடத்தில், வழியில் கார் நின்றுபோன மாதிரி நிலைமையில், உருக்கவே வேண்டாம். காய்ந்த துணியில் சுற்றி மருத்துவரிடம் கொண்டுபோங்கள். உருகி மறுபடி உறைந்த திசு பிழைப்பது கடினம். எவ்வளவு சேதம் என்பது சில நாள் கழித்துத்தான் தெரியும். நடுங்கிக்கொண்டிருந்த நாய் நடுக்கம் நின்று தள்ளாடினால் அது சூடேறியதன் அடையாளமல்ல, உடல் வெப்பம் ஆபத்தாகக் குறைந்துவிட்டது. உடனே அவசரச் சிகிச்சைக்குப் போங்கள்.

திண்டில் மேலோட்டமான வெடிப்பு என்றால் கழுவி உலர்த்தி இரவில் மெழுகு தடவினால் ஒன்றிரண்டு வாரத்தில் மூடும். வீட்டைச் சூடாக்கும் ஃபர்னஸ் காற்றையே வறட்டிவிடும் என்பதால் ஈரப்பதம் 30 முதல் 40 சதவீதம் இருக்குமாறு ஹ்யூமிடிஃபையர் வைத்தாலும் உதவும். இரத்தம் கசிகிற வெடிப்புக்கு, கொதித்து ஆறிய 250 மி.லி. தண்ணீரில் அரை டீஸ்பூன் உப்புக் கரைத்துக் கழுவுங்கள். தெரு உப்பு எரிக்கும், இந்த அளவு எரிக்காது, உடல் நீரின் செறிவுக்கு நெருக்கமானது. ஹைட்ரஜன் பெராக்சைடு வேண்டாம், அது நல்ல திசுவையும் அழிக்கும். ஒட்டாத டிரெஸ்ஸிங் வைத்து, விரல்களுக்கு நடுவே கொஞ்சம் பஞ்சு செருகி, லேசாகக் கட்டுங்கள். நடு இரண்டு விரல் நுனி வெளியே தெரியட்டும். அவை வீங்கினாலோ குளிர்ந்தாலோ கட்டு இறுக்கம். நனைந்தால் உடனே, நனையாவிட்டாலும் தினமும் மாற்றுங்கள். வெளியே போகும்போது மட்டும் பிளாஸ்டிக் உறை, உள்ளே வந்ததும் எடுத்துவிட வேண்டும். திண்டின் முழுத் தடிமனும் பிளந்திருந்தால், மேல்தோல் மடலாகத் தொங்கினால், பத்து நிமிடம் அழுத்தியும் இரத்தம் நிற்காவிட்டால் அன்றைக்கே மருத்துவரிடம் போக வேண்டும். எடை தாங்கும் இடம் என்பதால் அடிக்கடி பிரியும், ஆறத் தாமதமாகும்.

இவ்வளவும் செய்தும், ஐந்தாறு நாள் ஒழுங்காகக் கழுவித் துடைத்தும், நாய் வெளியே போகாத நேரத்திலும் நக்கிக்கொண்டே இருந்தால் காரணம் உப்பு இல்லை. முடி துருப்பிடித்த நிறத்துக்கு மாறியிருப்பதும், பாதத்தில் புளித்த மாவு வாடை அடிப்பதும் ஈஸ்ட் பூஞ்சையின் அடையாளம். ஒவ்வாமையும் இப்படித்தான் பாதத்தில் தொடங்கும். தோலிலிருந்து மாதிரி எடுத்து மைக்ரோஸ்கோப்பில் பார்த்தால் ஈஸ்ட் இருக்கிறதா என்று மருத்துவருக்குத் தெரிந்துவிடும்.

பாதம் வழியாக வரும் வேறு இரண்டு ஆபத்துகள். கார் நிறுத்துமிடத்தில் பச்சை, ஆரஞ்சு அல்லது இளஞ்சிவப்புத் திரவம் சிந்தியிருந்தால் அது கார் எஞ்சின் நீர் உறையாமல் இருக்க ஊற்றும் ஆன்டிஃப்ரீஸாக இருக்கலாம். அதில் இருக்கும் எத்திலீன் கிளைகால் என்ற நஞ்சு இனிக்கும். உங்கள் நாயின் எடைக்கு 80 மி.லி. அளவே உயிரைப் பறிக்கப் போதும், அதைவிடக் குறைந்த அளவும் சிறுநீரகத்தைக் கெடுக்கும். முதலில் குடித்தவர்போலத் தள்ளாடும், பிறகு தெளிந்ததுபோல இருக்கும், இரண்டு மூன்று நாளில் சிறுநீரகம் நின்றுவிடும். மாற்றுமருந்து முதல் 8 முதல் 12 மணி நேரத்துக்குள் கொடுத்தால்தான் பயன். தெளிந்துவிட்டதே என்று காத்திருக்காதீர்கள். மற்றொன்று மின்சாரம். 2008–09 குளிர்காலத்தில் டொராண்டோ நடைபாதைகளில் தெருவிளக்கு இணைப்புகளிலிருந்து கசிந்த மின்சாரம் தாக்கி நாய்கள் இறந்தன. உப்புத் தண்ணீர் மின்சாரத்தை நன்றாகக் கடத்தும், நாய்க்குச் செருப்பும் இல்லை. விளக்குக் கம்பத்தடி, நடைபாதையில் பதித்த உலோக மூடி இவற்றைச் சுற்றிப் போங்கள். எந்தக் காரணமும் இல்லாமல் நாய் அலறித் துள்ளினால், கையால் தொடாமல் கயிற்றைப் பிடித்து இழுத்து அந்த இடத்தை விட்டு அகற்றுங்கள்.

உங்கள் வீட்டு டிரைவ்வேக்கு மணல் தூவுங்கள். உருக்காது, ஆனால் பிடிமானம் தரும். உருக்கியே ஆக வேண்டுமென்றால் ‘செல்லப்பிராணிக்குப் பாதுகாப்பானது’ என்ற முகப்பு எழுத்தோடு நிற்காமல் பின்பக்கம் என்ன கலந்திருக்கிறதென்று படியுங்கள். யூரியா, மக்னீசியம் குளோரைடு எரிச்சல் குறைவு, இல்லவே இல்லை என்பதல்ல. கைப்பிடி அளவு தூவி, பனி இளகியதும் மண்வெட்டியால் தள்ளி, மிச்ச உப்பைப் பெருக்கிவிடுங்கள்.

மார்ச்சில் பனி உருகத் தொடங்கியதும் கழுவுவதை நிறுத்திவிடாதீர்கள். நான்கு மாத உப்பும் அப்போதுதான் ஓரங்களில் குட்டை குட்டையாகத் தேங்கும். காய்ந்த இடத்தில் வெள்ளைப் பொடியாகப் படிந்திருக்கும். இரண்டு மூன்று நல்ல மழை பெய்து அந்த வெள்ளை மறையும்வரை டப் வாசலிலேயே இருக்கட்டும்.